சுவர் ஓரத்தில் தொடங்கும் வரிசை

போன மாதம் சங்கரன்கோவிலில் என் வீட்டுக்கு இரண்டு பேர் வந்தார்கள். இருவரும் இறையியல் கல்லூரியில் கடைசிக்கு முந்தின வருஷம் படிக்கிறவர்கள். போதகர் படிப்பில் ஒரு வருஷம் கிராமத்துச் சபைகளில் தங்கிப் பயிற்சி எடுக்க வேண்டும் என்பது எங்கள் லுத்தரன் திருச்சபையில் வெகுகாலமாக இருந்த ஒழுங்கு. அதை நகரத்துச் சபைகளிலேயே முடித்துக்கொள்ளலாம் என்று இப்போது எங்கள் சபை மாவட்டம் தீர்மானித்திருக்கிறது. வந்தவர்களில் ஒருவர் காபியைக் குடித்துவிட்டுக் கேட்டார்: "தாத்தா, அந்தக் காலத்துல ஒரு வருஷம் முழுக்க இந்தப் பட்டிக்காட்டுல இருந்து என்னதான் படிச்சாங்க?"

கிண்டலாகக் கேட்கவில்லை, தெரியாமல்தான் கேட்டார். நானும் வாயால் ஏதோ சொன்னேன். சொன்னது எனக்கே போதவில்லை. அதனால் மாவட்ட மாதப் பத்திரிகைக்கு இதை எழுதுகிறேன். தீர்மானம் சரியா தவறா என்று சொல்ல நான் யார்? என் முன்னால் நடந்ததை மட்டும் எழுதுகிறேன், கர்த்தர் ஞாபகத்தைத் தந்திருக்கிற அளவுக்கு.

நான் உபதேசியாராக, போதகருக்கு உதவி ஊழியனாக இருந்து ஓய்வு பெற்றவன். படித்தது எட்டாம் வகுப்பு. அதன்பிறகு விசைத்தறியில் வேலை. தறிச் சத்தத்துக்கு மேலே பேசிப் பேசி எனக்குக் குரல் பெரிதாகிவிட்டது. ஜெபக்கூட்டத்தில் நான் வேதபாடம் வாசித்தால் ரோட்டில் போகிறவருக்கும் கேட்கும். "இந்தக் குரலைச் சபைக்கு வாங்கிப் போடுவோம்" என்று அப்போதிருந்த ஐயர் (போதகரை நாங்கள் அப்படித்தான் சொல்வோம்) என்னை உபதேசியார் பயிற்சிக்கு அனுப்பினார். இரண்டு வருஷம் வேதமும் ஞானோபதேசமும் பாட்டும் படித்தேன். என் படிப்பு அவ்வளவுதான்.

எங்கள் ஒழுங்கைத் தெரியாதவர்களுக்கு ஒரு வார்த்தை. திருச்சபை பல மாவட்டங்களாகப் பிரிந்திருக்கும். இது அரசாங்கத்து மாவட்டம் இல்லை, சபை மாவட்டம். அதற்கு ஒரு தலைவர் உண்டு, வருஷத்துக்கு ஒரு பொதுக்கூட்டம் உண்டு. அதற்குக் கீழே ஊர் ஊராகச் சபைகள். சங்கரன்கோவிலில் இருக்கும் ஒரு ஐயருக்குத் திருவேங்கடம் பக்கம், இளையரசனேந்தல் பக்கம், மேலநீலிதநல்லூர் பக்கம் என்று கிளைச் சபைகள். எல்லா ஊருக்கும் ஞாயிறுதோறும் அவர் போக முடியாது. அவர் போகாத இடத்துக்கு நான் போவேன். பயிற்சிக்கு வந்தவர் இருக்கும் வருஷம் அவரும் போவார். அவரை ஊரில் சின்னையர் என்பார்கள்.

நான் நெடுநாள் வேலை பார்த்தது ஞானசிகாமணி ஐயரிடம். அவரைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும்.

ஒல்லியான மனிதர். குடையும் ஒரு துணிப்பையும் எப்போதும் கையில் இருக்கும். பைக்குள் அங்கி, திருவிருந்துப் பாத்திரம், ஒரு பென்சில். பேனாவால் எழுதமாட்டார். "அழிக்க முடியணும்வே" என்பார். ஒரு வீட்டில் சண்டை என்று நான் போய்ச் சொன்னால், "நடந்ததைச் சொல்லும். ஓம்ம அபிப்பிராயம் அப்புறம்" என்பார். நடந்ததைச் சொல்லி முடித்தபின் என் அபிப்பிராயத்தை அவர் ஒருநாளும் கேட்டதில்லை. ஒருவரைப் பற்றி இன்னொருவர் சொன்னதை வைத்து எதையும் முடிவு செய்யமாட்டார். யார் செய்தாரோ அவர் வாயால் கேட்க வேண்டும். அதற்காக எத்தனை மைலானாலும் போவார். "கேட்டுட்டுச் சொல்லுதேன்" என்பதுதான் அவர் அடிக்கடி சொல்லும் வார்த்தை. சபையார் அவருக்குப் பின்னால் அவரைக் கேட்டுட்டுச்சொல்லி ஐயர் என்றே பேர் வைத்திருந்தார்கள். அது அவருக்கும் தெரியும்.

பயிற்சிக்கு வருகிறவர் ஞாயிறு பிரசங்கத்தை வியாழக்கிழமையே எழுதிக்கொண்டு வந்து அவர் முன்னால் வாசிக்க வேண்டும். அவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்பார். தூங்குகிறார் என்று நினைத்து வேகமாக வாசித்துப் போனவர்கள் உண்டு. முடிந்ததும் கண்ணைத் திறக்காமலே, "பிரமாணம் இருக்கு. சுவிசேஷம் எங்க இருக்கு, தம்பி?" என்பார். மனுஷன் செய்ய வேண்டியதைச் சொல்வது பிரமாணம். தேவன் அவனுக்குச் செய்ததைச் சொல்வது சுவிசேஷம். இரண்டையும் பிரித்துச் சொல்லத் தெரியாதவன் லுத்தரன் பிரசங்க பீடத்தில் ஏறக்கூடாது என்பது அவர் கட்சி. அந்தக் கேள்விக்குப் பயந்து புதன்கிழமையே காய்ச்சல் வந்தவர்களையும் நான் பார்த்திருக்கிறேன்.

பயிற்சியில் இருப்பவருக்கு வரம்பும் உண்டு. பிரசங்கிக்கலாம், திருவிருந்தில் சேரப்போகும் பிள்ளைகளுக்குத் திடப்படுத்தல் வகுப்பு எடுக்கலாம், வீடு சந்திக்கலாம், ஐயர் இல்லாதபோது அடக்கம் செய்யலாம். திருவிருந்தில் அப்பமும் ரசமும் பரிமாறக்கூடாது. அபிஷேகம் பெற்று அங்கி போட்டபிறகுதான் அது.

சாம்சன் என்பவர் வந்தது அப்படி ஒரு வருஷம். நாகர்கோவில் பக்கத்துக்காரர். நல்ல படிப்பு, நல்ல பக்தி. செம்மண்ணும் தென்னையும் பார்த்து வளர்ந்தவருக்கு எங்கள் கரிசல் ஒத்துவரவில்லை. முதல் மழையில் அவர் பைக் மட்காடில் மண் அடைத்துச் சக்கரம் சுற்றாமல் நின்றுவிட்டது. அதை மூன்று பேர் தூக்கிக்கொண்டு வந்தார்கள். "சின்னையரே, பைக்குதான் ஒம்மைச் சுமக்கும்னு நெனச்சோம்" என்று சிரித்தார்கள். அவரும் சிரித்தார். முதல் பிரசங்கத்தில் கிரேக்க வார்த்தை எல்லாம் வந்தது. ஆராதனை முடிந்து வெளியே வந்த ஒரு அம்மாள் கையைப் பிடித்துக்கொண்டு, "பிரசங்கம் ரொம்ப ஒசரத்துல போச்சு ஐயரே. தலைக்கு மேலேயே போயிட்டதால ஒருத்தருக்கும் ஒரு சேதமும் இல்ல" என்றாள்.

இனி அந்த வருஷத்து ஐப்பசியில் நடந்ததற்கு வருகிறேன்.

இளையரசனேந்தல் பக்கத்தில் ஒரு சின்ன ஊர். பெயர் வேண்டாம். அங்கே எங்கள் சபையார் கொஞ்ச வீடுகள், ஒரு சின்னக் கோயில், ஒரு மணி. ஊருக்குத் தெற்கே மதில் கட்டிய கல்லறைத் தோட்டம். அந்த ஊரில் எஸ்தர் என்ற பெண் பிள்ளைத்தாய்ச்சியாக இருந்தாள். புருஷனுக்குத் திருப்பூரில் பனியன் கம்பெனி வேலை. ஏழு மாதத்திலேயே ஒரு காலையில் வலி கண்டுவிட்டது. விடாத மழை. ஆம்புலன்ஸ் தார் ரோடு வரைக்கும்தான் வந்தது, அதற்குமேல் சேற்றில் இறங்க முடியவில்லை. ஆட்கள் கட்டில் கொண்டுவருவதற்குள் பிள்ளை பிறந்துவிட்டது.

கூட இருந்தது பக்கத்து வீட்டுக் கோமதியம்மாள் மட்டும்தான். ஆடு வளர்க்கிறவள். எங்கள் சபை இல்லை. சங்கரன்கோவில் அம்மனின் பெயரைக் கொண்டவள், வருஷம் தப்பாமல் ஆடித்தபசுத் திருவிழாவுக்கு வருகிறவள்.

பிள்ளை அழவில்லை. மூச்சு மட்டும் லேசாக இருந்தது. எஸ்தரால் எழுந்திருக்க முடியவில்லை. ரத்தம் போய்க்கொண்டிருந்தது. கோமதியம்மாளின் கையில் இருந்த பிள்ளைக்கு எஸ்தர் சொல்லச் சொல்லக் கோமதியம்மாள் தண்ணீர் ஊற்றினாள். ஆபத்து நேரத்தில் ஐயர் இல்லாவிட்டால் யாராவது ஒரு விசுவாசி ஞானஸ்நானம் கொடுக்கலாம் என்று எங்கள் பிள்ளைகளுக்குச் சிறு வயதிலேயே சொல்லிக்கொடுப்போம். எஸ்தருக்கு அந்த நேரத்தில் அது ஞாபகம் வந்திருக்கிறது. கட்டில் தார் ரோட்டை எட்டுவதற்குள் பிள்ளை போய்விட்டது. எஸ்தரைச் சங்கரன்கோவில் ஆஸ்பத்திரிக்கு ஏற்றிவிட்டுப் பிள்ளையைத் திரும்ப ஊருக்குக் கொண்டுவந்தார்கள்.

சபைப் பெரியவர் தாவீது அண்ணாச்சி எனக்குப் போன் செய்தார். ஞானசிகாமணி ஐயர் மாவட்டப் பொதுக்கூட்டத்துக்கு வெளியூர் போயிருந்தார். கூட்டத்தில் அவர் போனை அணைத்துவிடுவார். மாவட்ட அலுவலகத்துக்குச் சொல்லிவிட்டு நானும் சாம்சனும் போனோம்.

எங்கள் பக்கத்தில் ஒரு பழக்கம் இருந்தது. சட்டத்தில் எங்கேயும் இல்லை, பழக்கம்தான். ஞானஸ்நானம் ஆகாமல் இறந்த பிள்ளையை மற்றக் கல்லறைகளோடு வரிசையில் வைக்கமாட்டார்கள். தெற்கு மதில் ஓரமாக வைப்பார்கள். மணி அடிக்கமாட்டார்கள், பேர் சொல்லமாட்டார்கள்.

சாம்சன் கேட்டார்: "பிள்ளைக்கு ஞானஸ்நானம் ஆச்சா?"

"தண்ணி ஊத்துனாங்கன்னு சொல்லுதாங்க. ஆனா ஊத்துனது நம்ம ஆளு இல்ல. ஆட்டுக்காரி கோமதி" என்றார் தாவீது அண்ணாச்சி.

 சாம்சனின் முகம் வாடிப்போயிருந்தது. "விசுவாசி கொடுத்தாத்தான் செல்லும். அப்படித்தான் படிச்சிருக்கேன்" என்றார். எனக்கும் அதுதான் சரியாகப் பட்டது. மறுபடி மழை இருட்டிக்கொண்டு வந்தது. காத்திருக்க முடியாது. மதில் ஓரமாகவே குழி வெட்டினார்கள். சாம்சன் ஒரு சங்கீதம் வாசித்து ஜெபித்தார். மணி இல்லை, பேர் இல்லை.

மதிலுக்கு வெளியே கோமதியம்மாள் நனைந்துகொண்டு நின்றாள்.

"என்ன அண்ணாச்சி, மணி அடிக்கலியா?"

"அதெல்லாம் ஒனக்குத் தெரியாது. நீ போ."

"எனக்குத் தெரியாதுதான். அவ வந்து கேட்டா நான் என்ன சொல்ல?"



மறுநாள் ஆஸ்பத்திரிக்குப் போனோம். எஸ்தர் முதலில் கேட்டதே அதுதான்: "மணி அடிச்சீங்களா?" சாம்சன் பொய் சொல்லத் தெரியாதவர். இல்லை என்றார், ஏன் என்றும் சொன்னார். அவள் கோபப்படவில்லை. "கோமதியக்கா சரியாத்தான் சொன்னா ஐயரே. நான் கேட்டுக்கிட்டேதான் கெடந்தேன்" என்றாள். அப்புறம், "மரியாள்னு பேரு வச்சேன். அந்த ஒண்ணுதான் அவளுக்கு நான் செஞ்சது. அதுவும் செல்லாதுன்னா அப்புறம் என்னதான் இருக்கு? ஒரே ஒரு தடவ மணி அடிங்க ஐயரே" என்றாள். பிறகு அந்தப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். திருப்பூரிலிருந்து வந்த புருஷன் கஞ்சித் தூக்குவாளியைப் பிடித்துக்கொண்டு நின்றான். அவள் வாங்கவில்லை.

வியாழக்கிழமை ஐயர் திரும்பி வந்துவிட்டார். சாம்சன் பிரசங்கத்தோடு உட்கார்ந்தார். ஐயர் அதை வாசிக்கச் சொல்லவில்லை. "முதல்ல உபதேசியார் நடந்ததைச் சொல்லட்டும்" என்றார். சொன்னேன். பிறகு சாம்சன் சொன்னார். ஐயர் பென்சிலை மேசைமேல் வைத்தார்.

"ஆபத்து நேரத்துல கொடுத்த ஞானஸ்நானத்தைச் சபையில அங்கீகரிக்கதுக்கு முன்னால ஐயர் கேக்க வேண்டிய கேள்வி எத்தனை, தம்பி?"

"மூணு, ஐயா. யார் கொடுத்தது? எதைக்கொண்டு கொடுத்தது? எந்த வார்த்தையைச் சொல்லிக் கொடுத்தது?"

"மூணையும் கேட்டீங்களா?"

"முதல் கேள்விக்கே பதில் சரியா இல்லாததால..."

"யாருகிட்ட கேட்டீங்க?"

"பெரியவர்கிட்ட."

"ஊத்துனது அவரா?"

சாம்சன் பிரசங்கத் தாளை மடித்து வைத்தார். ஐயர் ஏசவில்லை. எழுந்து குடையை எடுத்தார். "வாங்க. போய்க் கேப்போம்" என்றார்.

டவுன் பஸ்ஸில் போய் இறங்கி, அங்கிருந்து சேற்றில் நடை. ஐயர் செருப்பைக் கழற்றிப் பைக்குள் போட்டுக்கொண்டார். ஆட்டுக் கிடையில் கோமதியம்மாள் ஆடுகள் தின்னக் குழை கட்டிக்கொண்டிருந்தாள். மூன்று பேரைச் சேர்ந்தாற்போல் பார்த்ததும் பயந்துபோய் எழுந்தாள்.

"இரும்மா. சாப்பிட்டாச்சா?" என்று கேட்டுவிட்டு ஐயர் அங்கே கிடந்த கல்லில் உட்கார்ந்தார். அப்புறம் மெதுவாகக் கேட்டார்: "எஸ்தர் பிள்ளைக்குத் தண்ணி ஊத்துனது யாரு?"

"நான்தான் ஐயரே. தப்புன்னா என்னை ஏசுங்க, அவளை ஏசாதீங்க. பாவம், அவ அரை உசிரா கெடந்தா."

"என்ன தண்ணி?"

"குடிக்கித தண்ணிதான். வெளிய மழைத்தண்ணி நெறைய கெடந்துச்சு. அது கலங்கலு, பச்சப்பிள்ளைக்கு ஊத்தலாமா? கொடத்துல இருந்து கோரினேன். அதும் சில்லுன்னு இருந்துச்சு. உள்ளங்கையில கொஞ்ச நேரம் வச்சிருந்து, சூடு ஏறினப்புறம் தலையில விட்டேன். மூணு தடவ விடச் சொன்னா. விட்டேன்."

"விடும்போது என்ன சொன்ன?"

அவள் சேலையில் கையைத் துடைத்துக்கொண்டாள். "மரியாளே, பிதா, குமாரன், பரிசுத்த ஆவியோட நாமத்துல ஒனக்கு ஞானஸ்நானம் குடுக்கேன். இப்படித்தான். முதல்ல நாக்கு பெரண்டுட்டு. அவ அந்தக் கெடையிலயும் விடல. திரும்பச் சொல்லுக்கான்னா. திரும்ப நல்லாச் சொன்னேன்."

ஐயர் தலையசைத்தார். சாம்சன் முன்னால் நகர்ந்து, "அம்மா, சொல்லும்போது நீங்க அதை விசுவாசிச்சீங்களா?" என்று கேட்டார்.

ஐயர் கையை உயர்த்தினார். "தம்பி, நம்ம முறைமையில மூணு கேள்விதான். நாலாவது கேள்வி இல்ல."

திரும்பி வரும் வழியில் ஒரு இடத்தில் நின்றார். வழியில் நின்று வேலைப் பேச்சுப் பேசாதவர் அன்றைக்குப் பேசினார். "யாரு கொடுத்ததுன்னு கேக்கது, நடந்ததை அவங்க வாயால கேட்டுக்கதுக்குத்தான். தண்ணி இருந்துச்சு. வார்த்தை இருந்துச்சு. வார்த்தை யாரோடது? கோமதியோடதா? கொடுத்தது தேவன், தம்பி. கையைப் பார்த்துச் செல்லும் செல்லாதுன்னா, என் கையால வாங்குனவங்க கதி என்ன?" கொஞ்ச தூரம் நடந்த பிறகு, "ஆஸ்பத்திரியில அந்தப் பிள்ளைகிட்ட நீங்க சொன்னதுல சுவிசேஷம் எங்க இருந்துச்சு?" என்றார். சாம்சன் அழுதுவிட்டார். ஐயர் அவர் தலைக்கு மேலே குடையைப் பிடித்தார். தான் நனைந்தார்.

தாவீது அண்ணாச்சி லேசில் ஒத்துக்கொள்ளவில்லை. "ஐயா, ஆட்டுக்காரி கொடுத்ததைச் சபை ஒத்துக்கிட்டா ஊருல சிரிக்கமாட்டானா?"

"அண்ணாச்சி, ஒமக்கு ஞானஸ்நானம் கொடுத்த ஐயர் எப்படிப்பட்டவர்னு தெரியுமா?"

"கைப்பிள்ளைக்கு என்ன தெரியும்?"

"எனக்குத் தெரியும். நான் அவருகிட்ட வேலை பார்த்தவன்." ஐயர் மூக்குக் கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டார். "பயப்படாதீரும். ஒமக்குக் கொடுத்தது செல்லும்."

அண்ணாச்சிக்கு முதலில் புரியவில்லை. புரிந்ததும், விரும்பாமலே சிரித்துவிட்டார். பிறகு, "அப்போ பிள்ளையை எடுத்து வரிசையில வச்சிருவமா?" என்றார்.

"வேண்டாம். தூங்குத பிள்ளையை எதுக்கு எழுப்பணும்? அவ எடத்துலயே இருக்கட்டும். இனிமே வரிசையை அங்கன இருந்து ஆரம்பிங்க."

எஸ்தர் ஆஸ்பத்திரியிலிருந்து வந்த வாரத்துச் சனிக்கிழமை காலையில் பிள்ளையின் ஞானஸ்நானத்தை அங்கீகரிக்கும் ஆராதனை கல்லறைத் தோட்டத்தில் நடந்தது. எஸ்தருக்கு ஒரு நாற்காலி போட்டார்கள். கோமதியம்மாள் அன்றைக்குப் போலவே மதிலுக்கு வெளியே நின்றாள். ஐயர் அங்கியோடு போய்க் கூப்பிட்டார்.

"நான் உள்ள வரலாமா ஐயரே?"

"நீ வராம நான் யாருகிட்ட கேள்வி கேக்க?"

அவள் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தாள். சபைக்கு முன்னால் ஐயர் மூன்று கேள்வியையும் முறைப்படி கேட்டார். அவள் கிடையில் சொன்னதையே சொன்னாள், உள்ளங்கையில் சூடாக்கினது உட்பட. அப்போது எஸ்தர் வாயைப் பொத்திக்கொண்டாள். அது அவளுக்கே அதுவரை தெரியாது. இந்தப் பிள்ளை நம்முடைய கர்த்தரின் கட்டளைப்படி ஞானஸ்நானம் பெற்றவள் என்று ஐயர் சபைக்கு அறிவித்தார். மரியாள் என்று பேர் சொன்னார். மணி அடித்தது சாம்சன். கோயிலுக்குப் போய், அங்கே வேலை செய்கிறவரிடம் மணிக்கயிற்றைக் கேட்டு வாங்கிக்கொண்டார். ஒரே ஒரு தடவை என்றுதான் எஸ்தர் கேட்டிருந்தாள். அவர் ரொம்ப நேரம் அடித்தார். எஸ்தர் எழுந்து கோமதியம்மாளின் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

வருஷம் முடிந்து சாம்சனைப் பற்றிக் கல்லூரியிலிருந்து போனில் கேட்டபோது நான் பக்கத்தில் இருந்தேன். "கேக்கத் தெரிஞ்சிருக்கு. அனுப்பலாம்" என்று மட்டும் ஐயர் சொன்னார். சாம்சன் அபிஷேகம் பெற்று இப்போது வேறு மாவட்டத்தில் ஊழியம் செய்கிறார். கிறிஸ்துமஸுக்குப் போன் செய்வார். ஞானசிகாமணி ஐயர் கர்த்தருக்குள் நித்திரையடைந்துவிட்டார். எஸ்தருக்குப் பிறகு ஒரு பையன் பிறந்தான். அவன் ஞானஸ்நானத்துக்குக் கோமதியம்மாள் தன் கிடையிலிருந்து ஒரு கடா கொடுத்தாள்.

என் வீட்டுக்கு வந்த இரண்டு பேருக்கும் நான் சொல்ல நினைத்தது இதைத்தான். ஊரைப் பார்க்க வேண்டுமானால் இளையரசனேந்தல் பஸ்ஸில் ஏறி, இறங்கிக் கொஞ்சம் நடக்க வேண்டும். மழைக்காலம் வேண்டாம். அங்கே கல்லறைத் தோட்டத்தில் வரிசை இப்போது தெற்கு மதில் ஓரத்தில்தான் தொடங்குகிறது. முதலில் ஒரு முழ அளவுக்கு ஒரு சின்னக் கல்லறை, மரியாளுடையது. அதற்குப் பிறகு ஊரில் முதலில் இறந்தவர் தாவீது அண்ணாச்சி. அவருடைய அப்பா அம்மா பழைய வரிசையில் இருக்கிறார்கள், பக்கத்தில் இடமும் இருந்தது. மகன்கள் அங்கே வெட்டத்தான் போனார்கள். அவர் மனைவி வேண்டாம் என்று சொல்லிவிட்டார். சாகிறதுக்கு முந்தின வாரமே அண்ணாச்சி கேட்டு வைத்திருந்தாராம், அந்தப் பிள்ளைக்கு அடுத்தாற்போல் தன்னை வைக்க வேண்டும் என்று.